ஆங்கிலப் பெயர்களின் பிறப்பும் ஒரு பந்தெறிவாளரின் பெயரும்

மக்கட் பெயர்களின் வரலாறு மன்னர் வரலாற்றைப் போலப் பேரொலியோடு நிகழ்வதன்று. போர்களும் உடன்படிக்கைகளும் ஏடுகளிற் பொறிக்கப்படுகின்றன. சிற்றூரில் வாழ்ந்த ஓர் ஏழைக் குடியானவனுக்கு அவன் பெயர் எவ்வாறு வந்தமைந்தது என்பதை எவரும் பொறித்து வைப்பதில்லை. ஆயினும் அப்பெயரின் வேரை அகழ்ந்து நோக்கின், மன்னர் வரலாறு சொல்லாது விட்ட செய்திகள் பல அதனுள்ளே புதைந்து கிடத்தலைக் காணலாம். யார் யாருக்குப் பெயரிட்டார், தம் பெயரைத் தாமே வகுத்துக்கொள்ளும் உரிமை யாருக்கு இருந்தது என்னும் இரு வினாக்களுக்கும் விடை அங்கே கிடைக்கும்.

அமெரிக்க ஐக்கிய நாடுகளிலே பேஸ்போல் என்னும் பந்தாட்டத்திற் பெரும்புகழ் ஈட்டிய பந்தெறிவாளர் ஒருவரின் பெயர் இதற்கு நல்லதோர் எடுத்துக்காட்டாகும். அவர் 1906-ம் ஆண்டு யூலை மாதம் 7-ந் திகதி, அலபாமா மாநிலத்தைச் சேர்ந்த மொபீல் என்னுந் துறைமுக நகரிலே பிறந்தார். அவரது முழுப்பெயர் லெரோய் றொபேட் பேஜ் என்பது. உலகம் அறிந்த பெயரோ சாச்சல் பேஜ் என்பது. 'லெரோய்' என்பது 'அரசன்' எனப் பொருள்படும் பிரெஞ்சுச் சொல். 'றொபேட்' என்பது புகழ், ஒளி என்னும் பொருளுடைய இரண்டு பழைய செர்மானியச் சொற்களின் சேர்க்கை. 'பேஜ்' என்பதோ பெரியோர் மனையிற் குற்றேவல் புரியுஞ் சிறுவனைக் குறிக்குஞ் சொல். எனவே அரசனும் ஏவலனும் ஒரே பெயருக்குள் அடங்கினர். இடையே புகழொளி நின்றது. கறுப்பினத்துத் தோட்டத் தொழிலாளி ஒருவரின் மகனுக்கு இத்தகைய ஐரோப்பியப் பெயர் வாய்த்த வரலாற்றை அறிய விழைவோர் முதலில் ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகள் பின்னோக்கி இங்கிலாந்துக்குச் செல்லல் வேண்டும்.

நோர்மானியர் வருமுன் இங்கிலாந்தில் வாழ்ந்த ஆங்கிலோ-சாக்சானியருக்குப் பெரும்பாலும் ஒரு பெயரே இருந்தது. இரண்டு சொற்களை இணைத்து அதனை ஆக்கினர். 'எட்வேட்' என்பது செல்வத்தைக் காப்பவன் என்றும், 'அல்பிரட்' என்பது வனதேவதையின் அறிவுரை பெற்றவன் என்றும் பொருள்படும். இவ்வாறு சொற்களை மாற்றி மாற்றிப் புணர்த்தமையால் எண்ணிறந்த பெயர்கள் அவர்களிடையே வழங்கின. ஓர் ஊரில் ஒரே பெயருடையார் பலர் இருத்தல் அரிதாயிற்று. ஆகவே இரண்டாவது பெயருக்குப் பெருந்தேவை ஏற்படவில்லை.

1066-ம் ஆண்டில் நோர்மண்டிக் கோமகன் வில்லியம் இங்கிலாந்தை வென்றபோது நிலமும் நீதிமன்றமும் கைம்மாறியதோடு பெயர்களும் மாறின. வென்றவர் பெயர்களான வில்லியம், றொபேட், ரிச்சட், ஹென்றி முதலியவற்றைத் தோற்றவரும் தம் மக்களுக்கு இடத் தலைப்பட்டனர். இரண்டு மூன்று தலைமுறைகளுள் பழைய ஆங்கிலப் பெயர்களிற் பெரும்பகுதி வழக்கொழிந்தது. பதினான்காம் நூற்றாண்டளவில் ஆடவருட் பெரும்பாலோர் யோன், வில்லியம், றொபேட், ரிச்சட், தோமஸ் போன்ற ஒரு சில பெயர்களுக்குள் அடங்கிவிட்டனர். ஓர் ஊரில் பத்து யோன்கள் இருப்பின் வரி தண்டுவோன் எந்த யோனிடம் செல்வது? நிலத்தை உரிமையாக்கும் பத்திரத்தில் எந்த வில்லியத்தை எழுதுவது? இந்த இடர்ப்பாட்டிலிருந்தே ஆங்கிலக் குடும்பப் பெயர்கள் பிறந்தன.

அவற்றை அறிஞர் நால்வகையாகப் பகுப்பர். முதலாவது இடம்பற்றிய பெயர். குன்றின் அருகே வாழ்ந்தவன் 'ஹில்' ஆனான். காட்டோரத்தில் வாழ்ந்தவன் 'வூட்' அல்லது 'அற்வூட்' ஆனான். ஊர்விட்டு ஊர் சென்றவனைப் பழைய ஊரின் பெயரால் அழைத்தனர். இரண்டாவது தந்தை பற்றிய பெயர். யோனின் மகன் 'யோன்சன்'. வோல்ட்டர் என்னும் பெயர் 'வற்' எனக் குறுகி, 'வற்சன்', 'வற்ஸ்' என்பவற்றைப் பிறப்பித்தது. றொபேட் என்னும் ஒரு பெயரே 'றொப்', 'ஹொப்', 'டொப்' எனப் பலவாறு செல்லமாகச் சிதைந்து, றொப்சன், ஹொப்சன், டொப்சன், ஹொப்கின்ஸ் எனப் பல குடும்பங்களுக்குப் பெயராயிற்று. வேல்சு நாட்டில் மகன் என்பதைக் குறிக்கும் 'அப்' என்னுஞ் சொல் தந்தையின் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 'அப் றீஸ்' என்பது 'பிரைஸ்' என்றும், 'அப் ஹவல்' என்பது 'பவல்' என்றும் திரிந்தன.

மூன்றாவது தொழில் பற்றிய பெயர். கொல்லன் 'ஸ்மித்', தையற்காரன் 'டெயிலர்', மிடாச் செய்பவன் 'கூப்பர்', அம்பு செய்பவன் 'பிளெச்சர்', வண்டி செய்பவன் 'வெயின்றைற்'. நெசவு செய்த பெண்ணைக் குறித்த 'வெப்ஸ்டர்' என்னுஞ் சொல்லும், அப்பஞ் சுட்ட பெண்ணைக் குறித்த 'பக்ஸ்டர்' என்னுஞ் சொல்லும் இன்று ஆண் பெண் இருபாலாருக்கும் குடும்பப் பெயர்களாயுள்ளன. அக்காலத்து மகளிரின் உழைப்புக்கு இச்சொற்கள் சான்று பகர்கின்றன. நான்காவது பட்டப்பெயர். வலிய கையினன் 'ஆம்ஸ்ட்ரோங்', செந்நிறத் தலைமயிரினன் 'றீட்', குள்ளன் 'லிற்றில்'. 'கிங்' என்னும் பெயரை உடையார் அரசர் வழிவந்தோரல்லர். ஊர்த் திருவிழாக் கூத்தில் அரச வேடம் புனைந்தவனையும், அரசனைப் போலச் செருக்கி நடந்தவனையும் ஊரார் அவ்வாறு அழைத்தனர்.

இப்பெயர்களுள் மிகச் சிலவே அவற்றை உடையோரால் தெரிந்தெடுக்கப்பட்டவை. பெரும்பாலானவை அயலார் வாயிற் பிறந்து, எழுத்தரின் இறகுப் பேனாவால் நிலைபெற்றவை. 1377, 1379, 1381 ஆகிய ஆண்டுகளில் அரசாங்கம் தலைவரி தண்டியபோது எழுத்தர் ஊரூராகச் சென்று குடிகளின் பெயர்களைப் பட்டியலிட்டனர். எழுத்தறியாத உழவன் தன் பெயரை வாயாற் சொன்னான். எழுத்தன் தன் செவிக்குப் பட்டவாறு அதனை எழுதினான். அவ்வரியை எதிர்த்து 1381-ம் ஆண்டில் எழுந்த உழவர் கிளர்ச்சிக்குத் தலைமை தாங்கியவன் வற் டைலர் என்பான். 'டைலர்' என்பது ஓடு வேய்பவன் எனப் பொருள்படும். எந்தப் பட்டியல் குடியானவனுக்குப் பெயர் நல்கிற்றோ, அந்தப் பட்டியலின் கொடுமையே அவனைக் கிளர்ந்தெழச் செய்தது.

ஏறக்குறைய 1400-ம் ஆண்டளவில் இங்கிலாந்தின் பெரும்பகுதியிலே குடும்பப் பெயர் தந்தையிடமிருந்து மகனுக்குச் செல்லும் வழக்கம் வேரூன்றிவிட்டது. அன்று முதல் பெயரும் பொருளும் பிரிந்தன. ஸ்மித்தின் பேரன் கொல்லுலையைக் கண்ணாற் காணாதவனாயிருக்கலாம். லிற்றிலின் மகன் ஆறடி வளர்ந்திருக்கலாம். 1538-ம் ஆண்டில் தோமஸ் குரொம்வெல் கோவிற்பற்றுத் தோறும் திருமுழுக்கு, திருமணம், அடக்கம் ஆகியவற்றைப் பதியுமாறு ஆணையிட்டபோது பெயர்கள் மேலும் நிலைபெற்றன. ஆயின் எழுத்துக்கூட்டல் மட்டும் நெடுங்காலம் நிலைபெறவில்லை. சேக்சுபியரின் கையொப்பங்களாக எஞ்சியுள்ள ஆறும் ஒரே வகையாய் எழுதப்பட்டவையல்ல. ஓரெழுத்துக் கூடுதலோ குறைதலோ அக்காலத்தில் ஒரு பொருட்டாகக் கருதப்படவில்லை.

'பேஜ்' என்னும் பெயர் தொழிற் பெயர் வகையைச் சேர்ந்தது. நோர்மானியர் மொழியாகிய பிரெஞ்சின் வழியாக ஆங்கிலத்தில் அச்சொல் புகுந்தது. பிரபுக்களின் மாளிகையிலே இருவகைச் சிறுவர் அப்பெயராற் குறிக்கப்பட்டனர். ஒரு வகையினர் உயர்குடிப் பிறந்தோர்; ஏழு வயதளவில் மற்றொரு பிரபுவின் மனைக்கு அனுப்பப்பட்டு, உணவுத் தட்டு ஏந்தவும் ஒழுக்கம் பயிலவும் தொடங்கி, பின்னர் வீரனின் உதவியாளராகி, ஈற்றிலே தாமும் வீரப்பட்டம் பெறுவர். மற்றைய வகையினர் குதிரை இலாயத்திலும் அடுக்களையிலும் ஏவல் செய்த எளிய குடிச் சிறுவர். அவர்கள் எக்காலத்தும் ஏவலராகவே இருந்தனர். குடும்பப் பெயராய் நிலைத்தபோது இவ்வேறுபாடு மறைந்து போயிற்று.

இப்பெயர் அத்திலாந்திக் கடலைக் கடந்தபோது வியப்பான ஒரு மாற்றம் நிகழ்ந்தது. பதினேழாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் யோன் பேஜ் என்னும் ஆங்கிலேயர் வேர்ஜீனியாக் குடியேற்றத்தில் வந்து குடியமர்ந்தார். அவர் வழிவந்தோர் பெருநிலக்கிழாராயினர். 'றோஸ்வெல்' என்னும் மாளிகையை எழுப்பினர். ஆபிரிக்க அடிமைகளைக் கொண்டு புகையிலைத் தோட்டங்களை நடத்தினர். அக்குடும்பத்து யோன் பேஜ் ஒருவர் 1802 முதல் 1805 வரை வேர்ஜீனியாவின் ஆளுநராகவும் இருந்தார். ஏவலன் எனப் பொருள்படும் பெயரை உடையோர் எசமானராகி, தாம் வாங்கிய மனிதருக்குப் பெயரிடும் அதிகாரமும் பெற்றனர். பெயரின் பொருள் எத்துணை எளிதில் மறக்கப்படும் என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டியதில்லை.

1619-ம் ஆண்டில் ஆபிரிக்கர் இருபதின்மருக்குச் சற்று மேற்பட்டோர் வேர்ஜீனியாவிற் கொணர்ந்து இறக்கப்பட்டனர். அதன் பின்னர் வந்த இரண்டரை நூற்றாண்டுக் காலத்தில் அடிமைகளுக்குப் பெயரிடுதல் உடைமையாளரின் விருப்பத்துக்கு உட்பட்டதாயிற்று. சீசர், பொம்பி, கேற்றோ என உரோமப் பெரியோரின் பெயர்களைச் சூட்டி நகைத்தோர் பலர். பேரரசனின் பெயரை உடையவன் வயலில் விலங்குபோல உழைத்தான். சட்டத்தின் முன் அவனுக்குக் குடும்பப் பெயர் இல்லை. 1850, 1860 ஆகிய ஆண்டுகளின் அடிமைக் கணக்கேடுகளை நோக்குவோர் உடைமையாளரின் பெயரைக் காண்பர். அதன்கீழ் அடிமையின் வயது, பால், நிறம் ஆகியவற்றைக் காண்பர். அடிமையின் பெயரையோ பொதுவாகக் காணார். ஆங்கிலேய உழவனுக்கு எழுத்தன் விரும்பியவாறேனும் ஒரு பெயர் கிடைத்தது. இவர்களுக்கு ஏட்டில் அதுவும் கிடைக்கவில்லை.

எனினும் பெயரே இல்லாதவராய் அவர்கள் வாழ்ந்தனர் என்று எண்ணுதல் பிழையாகும். ஹேபேட் கற்மன் என்னும் வரலாற்றறிஞர் 1976-ம் ஆண்டில் வெளியிட்ட ஆராய்ச்சியிலே, அடிமைகள் பலர் எசமானர் அறியாமல் தமக்குள்ளே குடும்பப் பெயர்களைப் பேணிவந்தனர் என்பதை எடுத்துக்காட்டினார். அப்பெயர் பெரும்பாலும் அப்போதைய எசமானரின் பெயராயிருக்கவில்லை. தந்தையோ பாட்டனோ முன்னர் இருந்த தோட்டத்தின் உரிமையாளர் பெயரை வைத்துக்கொண்டால், விற்கப்பட்டுப் பிரிந்துபோன உறவினரை என்றாவது அடையாளங் காணலாம் என்பது அவர் கருத்து. வெள்ளையரின் பெயரைக் கறுப்பினத்தார் ஏந்தியது அடிமை மனப்பான்மையால் அன்று. பிரிக்கப்பட்ட குடும்பத்தை நினைவிற் கட்டி வைக்கும் கயிறாகவே அப்பெயர் பயன்பட்டது.

1865-ம் ஆண்டில் அடிமை முறை ஒழிந்ததும் நாற்பது இலட்சம் மக்களுக்குப் பெயர் பதியும் தேவை ஒருங்கே எழுந்தது. கூலி உடன்படிக்கைக்கும், திருமணப் பதிவுக்கும், சேமிப்பு வங்கிக் கணக்குக்கும் குடும்பப் பெயர் வேண்டியிருந்தது. முன்னாள் அடிமைகள் யாவரையும் பெயரோடு பதிந்த முதற் குடிமதிப்பு 1870-ம் ஆண்டில் எடுக்கப்பட்டது. ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன் இங்கிலாந்தின் சிற்றூர்களில் நிகழ்ந்தது அமெரிக்காவின் தென் மாநிலங்களில் மீண்டும் நிகழ்ந்தது. எழுத்தன் மேசைமுன் அமர்ந்தான்; எழுத்தறியாத உழைப்பாளி எதிரே நின்றான். ஆயின் ஒரு வேறுபாடு உண்டு. இம்முறை நின்றவன் தன் பெயரைத் தானே தெரிந்து சொல்லக்கூடியவனாயிருந்தான்.

சிலர் 'சுதந்திர மனிதன்' எனப் பொருள்படும் 'பிறீமன்' என்பதை மேற்கொண்டனர். புக்கர் என்னுஞ் சிறுவன் பள்ளிக்கூடத்தில் ஆசிரியர் இடாப்பு அழைத்தபோது, ஏனையோர் யாவருக்கும் இரு பெயர் இருத்தலைக் கண்டு, தன் முறை வந்ததும் 'புக்கர் வாஷிங்டன்' எனத் துணிந்து விடையளித்தான். பிற்காலத்திற் கல்விப் பணியாற் புகழெய்திய புக்கர் ரி. வாஷிங்டன் அவனே. வாஷிங்டன் என்பது இங்கிலாந்தின் டறம் பகுதியிலுள்ள ஓர் ஊரின் பெயர். அவ்வூரிலிருந்து பெயர் பெற்ற குடும்பத்தின் வழிவந்தவர் அமெரிக்காவின் முதலாவது சனாதிபதி. 2000-ம் ஆண்டுக் குடிமதிப்பின்படி அப்பெயருடைய அமெரிக்கருள் ஏறக்குறைய 90 வீதத்தினர் கறுப்பினத்தார்.

சாச்சல் பேஜ் பிறந்த மொபீல் நகரின் அருகே இதனினும் உருக்கமான வரலாறு ஒன்று உண்டு. அடிமைகளை இறக்குமதி செய்தல் சட்டத்தால் தடுக்கப்பட்டு அரை நூற்றாண்டு கழிந்த பின், 1860-ம் ஆண்டில் 'குளொற்றில்டா' என்னுங் கப்பல் ஏறக்குறைய 110 ஆபிரிக்கரைக் களவாக அங்கே கொணர்ந்தது. விடுதலைக்குப் பின் அவர்களுட் பலர் 'ஆபிரிக்க நகர்' எனத் தமக்கென ஒரு குடியிருப்பை அமைத்தனர். அவர்களுள் ஒருவரின் பெயர் கொசோலா. அவரை வைத்திருந்த எசமானருக்கு அப்பெயரை உச்சரித்தல் கடினமாயிருந்தமையால் அவர் 'கஜோ' என அழைக்கப்பட்டார். அதுவும் ஆபிரிக்கப் பெயரே; திங்கட்கிழமை பிறந்த ஆண்மகனைக் குறிப்பது. கஜோ லூயிஸ் என்ற பெயரோடு அவர் 1935-ம் ஆண்டுவரை வாழ்ந்தார். சாச்சல் பேஜ் சிறுவனாக மொபீல் வீதிகளிற் கல்லெறிந்து திரிந்த காலத்தில், தம் உண்மைப் பெயரை நினைவில் வைத்திருந்த அம்முதியவர் அண்மையிலேயே வாழ்ந்துகொண்டிருந்தார். அக்கப்பலின் சிதைவு 2019-ம் ஆண்டிலே ஆற்றுச் சேற்றில் அடையாளங் காணப்பட்டது.

பேஜ் குடும்பத்திற் பிள்ளைகள் பன்னிருவர், லெரோய் ஏழாமவர். தந்தை யோன் தோட்ட வேலை செய்தார். தாய் லூலா பிறர் வீட்டு ஆடைகளை வெளுத்துக் கொடுத்தார். சிறுவன் லெரோய் புகைவண்டி நிலையத்தில் பயணிகளின் பைகளைச் சுமந்து சில்லறைக் காசு சம்பாதித்தான். ஒரு கோலிற் கயிறுகளைக் கட்டிப் பல பைகளை ஒரே முறையில் தூக்கியமையால் தோழர் அவனைச் 'சாச்சல்' என நகையாடினர் என்பது அவர் தாமே கூறிய வரலாறு. ஒரு பையைத் திருட முயன்று அகப்பட்டமையால் வந்த பெயர் அது என இளமைத் தோழர் ஒருவர் கூறினார். சாச்சல் என்றாற் சிறு பை என்பது பொருள். சாக்கைக் குறிக்கும் இலத்தீன் சொல்லின் வழிவந்தது அது. தமிழிலே வழங்கும் 'சாக்கு' என்னுஞ் சொல்லும் ஐரோப்பிய வணிகரோடு வந்த அக்குடும்பத்துச் சொல்லே என்பர். பழைய ஆங்கிலேய ஊர்களிற் போலவே, தொழிலாலோ குற்றத்தாலோ அயலார் இட்ட பட்டப்பெயர் இயற்பெயரை மறைத்துவிட்டது. ஏவலன் என்னும் குடும்பப் பெயரை உடையவன் சுமை தூக்குதலால் மற்றொரு பெயரையும் பெற்றான்.

1918-ம் ஆண்டில், பன்னிரண்டு வயது நிறைந்த சில நாட்களில், பள்ளிக்குச் செல்லாமைக்கும் கடையொன்றில் விளையாட்டு மோதிரங்களைத் திருடியமைக்குமாக அவன் மவுண்ட் மெக்ஸ் என்னுமிடத்திலுள்ள கறுப்பினச் சிறுவர் சீர்திருத்தப் பள்ளிக்கு அனுப்பப்பட்டான். ஐந்தாண்டுகளுக்கு மேல் அங்கிருந்தபோதே பந்தெறியுங் கலையை முறையாகப் பயின்றான். 1923-ம் ஆண்டு இறுதியில் அவன் வெளிவந்தான். பேஸ்போல் ஆட்டத்திற் பந்தெறிவாளர் 60 அடி 6 அங்குலத் தொலைவில் நின்று, பந்து நிலத்திற் படாதவாறு எறிதல் வேண்டும். எதிர் நிற்பவர் உருண்ட தடியால் அதனை அடிக்க முயல்வார். வேகத்தோடு குறியுந் தவறாமை இதற்கு வேண்டும். சாச்சலிடம் இரண்டும் நிறைந்திருந்தன.

ஆயின் பெரும் சங்கங்களின் வாயில் கறுப்பினத்தாருக்கு அடைக்கப்பட்டிருந்தது. ஆகவே 1920-ம் ஆண்டில் றூப் பொஸ்டர் முதலியோரின் முயற்சியால் தொடங்கிய 'நீக்ரோ லீக்' என்னும் தனிச் சங்கங்களிலே சாச்சல் ஆடினார். பிற்ஸ்பேர்க் குரோபோட்ஸ், கன்சாஸ் சிற்றி மொனாக்ஸ் ஆகிய குழுக்கள் அவரால் விளக்கமுற்றன. வெள்ளையருட் சிறந்த பந்தெறிவாளராகிய டிசி டீன் என்பாரை அவர் காட்சிப் போட்டிகளில் எதிர்கொண்டார். இருவரும் ஆங்கிலேயக் குடும்பப் பெயரையும் பிறர் இட்ட பட்டப்பெயரையும் ஏந்தியோர். ஒருவருக்குத் திறந்திருந்த அரங்கு மற்றவருக்கு மூடப்பட்டிருந்தது.

பிறரால் பெயரிடப்பட்ட அம்மனிதர் தம் கையிலிருந்து புறப்பட்ட பந்துகளுக்குத் தாமே பெயரிட்டார். ரீங்காரத்தோடு பாய்வது தேனீப் பந்து. அடிப்பவரைத் திணறச் செய்வது தொல்லைப் பந்து. எறியும் நடுவிலே கையை ஒரு கணம் நிறுத்திப் பின் விடுவது தயக்கப் பந்து. வயதை வினவியோரிடம், பிறப்பு எழுதியிருந்த வேதப் புத்தகத்தை ஓர் ஆடு தின்றுவிட்டது எனக் கூறி நகைத்தார். அவர்தம் முன்னோர் வயதையும் நிறத்தையும் மட்டுமே எழுதிப் பெயரை விடுத்த ஏடுகளில் அடங்கியோர். இவரோ பெயரை நாடெங்கும் ஒலிக்கச் செய்து, வயதை மட்டும் மறைத்து விளையாடினார்.

இக்காலத்துக்குச் சற்று முன்னரே அக்குடும்பத்தின் பெயரில் ஒரு மாற்றம் நிகழ்ந்திருந்தது. ஆங்கிலத்தில் நான்கெழுத்துக்களால் எழுதப்படும் 'பேஜ்' என்னும் பெயரின் நடுவே, 1920-களில், தந்தையின் மறைவை ஒட்டிய காலத்தில், அவர்கள் 'ஐ' என்னும் எழுத்தொன்றைப் புகுத்தினர். பெயரை மேன்மையுடையதாகத் தோன்றச் செய்தற்கே அவ்வாறு செய்தனர் எனச் சாச்சல் பிற்காலத்திற் கூறினார். இம்மாற்றத்தாற் பெயரின் ஒலி சிறிதும் மாறவில்லை. செவியாற் கேட்போர் வேற்றுமையை உணரார். கண்ணாற் காண்போரே உணர்வர். ஓரெழுத்தின் மிகுதி சேக்சுபியர் காலத்திற் பொருட்படுத்தப்படாத ஒன்று. மொபீல் நகரத்துச் சலவைத் தொழிலாளியின் குடும்பத்துக்கு அது பெரும் பொருளுடையதாயிற்று. ஏவற் சிறுவனைக் குறிக்கும் சொல்லோடு எழுத்தளவிலேனும் ஒன்றாகாது, தமக்கே உரிய வடிவாய் அது நின்றது. எந்த எசமானரும் வரி எழுத்தரும் அதனை எழுதித் தரவில்லை.

1947-ம் ஆண்டில் ஜாக்கி றொபின்சன் நிறத்தடையை உடைத்தார். 1948-ம் ஆண்டு யூலை 7-ந் திகதி, தம் நாற்பத்திரண்டாம் பிறந்தநாளிலே, கிளீவ்லாந்து இந்தியன்ஸ் என்னுங் குழு சாச்சல் பேஜை ஏற்றுக்கொண்டது. அவ்வாண்டில் ஆறு வெற்றியும் ஒரு தோல்வியுங் கண்டார். ஒக்டோபர் மாதத்து உலகத் தொடரிற் பந்தெறிந்த முதலாவது கறுப்பினத்தவருமானார். அக்குழுவும் அத்தொடரை வென்றது. அமெரிக்கப் பழங்குடி மக்கள் தம்மைக் குறிக்கும் பெயரைப் பிறர் விளையாட்டுக்கு வைத்தலை நெடுங்காலம் எதிர்த்தமையால், அக்குழு 2021-ம் ஆண்டுப் பருவத்தின் பின் 'கார்டியன்ஸ்' எனப் பெயர் மாறியது ஈண்டுக் கருதத்தக்கது.

1965-ம் ஆண்டு செப்டெம்பர் 25-ந் திகதி, தம் ஐம்பத்தொன்பதாம் வயதில், சாச்சல் கன்சாஸ் சிற்றி அத்லெற்றிக்ஸ் குழுவுக்காக மூன்று ஆட்டப் பகுதிகளில் எதிரிகள் ஓரோட்டமும் பெறாதவாறு பந்தெறிந்தார். 1971-ம் ஆண்டிலே கூப்பர்ஸ்ரவுன் நகரத்துப் புகழ் மண்டபத்தில் அவரைச் சேர்க்க முடிவாயிற்று. முதலிற் கறுப்பின ஆட்டக்காரருக்கெனத் தனிப்பகுதி ஒன்றை அமைத்து அங்கே அவர் பெயரைப் பொறிக்க எண்ணினர். பெயரையும் பிரித்து வைப்பதா என்னும் கண்டனம் நாடெங்கும் எழுந்தது. அதன் பின்னர் ஏனையோருடன் சரிநிகராகவே அவர் பெயர் இடம்பெற்றது. 1982-ம் ஆண்டு யூன் 8-ந் திகதி அவர் காலமானார். அவர் ஆடிய தனிச் சங்கங்களுட் பல 1920 முதல் 1948 வரை பெருஞ் சங்கங்களாகவே இருந்தன என்பதை அமெரிக்கப் பேஸ்போல் நிருவாகம் 2020-ம் ஆண்டு டிசெம்பரில் ஏற்றுக்கொண்டது. அவ்வாட்டங்களின் கணக்குகள் 2024-ம் ஆண்டிற் பெரிய ஏட்டிலே சேர்க்கப்பட்டன.

நோர்மானியர் மாளிகையில் உணவுத் தட்டு ஏந்திய சிறுவனிடமிருந்து புறப்பட்ட சொல், ஆங்கிலேயக் குடியானவனின் குடும்பப் பெயராகி, வேர்ஜீனியாவின் நிலக்கிழார் பெயராகி, அடிமைத் தளையறுத்த மக்களின் பெயராகி, ஈற்றிலே கூப்பர்ஸ்ரவுன் மண்டபத்து வெண்கலத் தகட்டை அடைந்தது. அத்தகட்டிலே அப்பெயர் லூலாவின் குடும்பத்தார் எழுதியவாறே, நடுவிற் புகுத்திய அந்த ஓரெழுத்தோடு பொறிக்கப்பட்டுள்ளது.